கடித்த நாயை அடித்துக் கொன்றால் நட்டம் நமக்குத்தான்

நாய் கடித்துவிட்டால் தோட்டப்புறத்தில் முதலில் தேடப்படுவது கம்புதான். நாயைக் கொன்றுவிட்டால் ஆபத்து தீர்ந்தது என்ற எண்ணம் நம்மிடையே பழையது. ஆனால், கால்நடை மருத்துவருக்கு அந்த நாய் உயிரோடு தேவை.

பினாங்கில் இந்தப் பேச்சு சூடுபிடித்தது 2015இல். பெர்லிசில் தலைகாட்டிய ரேபிஸ் எனும் வெறிநாய்க்கடி நோய், அவ்வாண்டு செப்டம்பரில் பினாங்கிலும் உறுதியானது. தெருநாய்களைக் கொல்ல மாநில அரசு முடிவெடுத்தது. தடுப்பூசியே போதும் என விலங்கு நல அமைப்புகள் எதிர்த்தன. 2017இல் சரவாக்கில் இதே நோய் மனித உயிர்களையும் பறித்தது.

இந்நோயை உறுதிசெய்ய, நாய் இறந்த பிறகு அதன் மூளையைச் சோதிக்க வேண்டும். (தலையிலேயே அடிப்பவர்கள் அந்த வழியையும் கெடுத்துவிடுகிறார்கள்.) நாய் உயிரோடு உள்ளவரை மருத்துவருக்குப் பெரிய சான்று அதன் நடத்தைதான். கிருமி மூளையை அடைந்த பிறகே எச்சிலுக்கு வருகிறது. அதையொட்டிச் சில நாள்களில் நடத்தை மாறும்; பிறகு நாய் விரைவில் இறந்துவிடும். 10 நாள் கண்காணிப்பு என்ற கணக்கு இப்படி வந்ததே. பத்து நாளும் நாய் நலமாக இருந்தால், கடித்த அன்று அதன் எச்சிலில் கிருமி இல்லை என்று பொருள்.

வெறிநாய் என்றாலே துரத்திக் கடிப்பதுதான் நினைவுக்கு வரும். சத்தமே போடாத வகையும் உண்டு. மூலையில் ஒதுங்கும், தாடை தொங்கி எச்சில் வடியும், விழுங்க முடியாது. தொண்டையில் எலும்பு சிக்கியதென்று நினைத்துப் பாசத்தோடு வாய்க்குள் கைவிடுவார்கள். ஆபத்து அங்கேதான். விலகியே திரிந்த நாய் திடீரென ஒட்டி உறவாடுவதும், செல்ல நாய் சீறுவதும்கூடச் சந்தேகத்துக்குரியவை. கிளினிக் மேசையில் பல நாய்கள் பயந்துதான் நிற்கும். அதன் இயல்பு வீட்டுக்காரருக்குத்தான் தெரியும். எப்போது கடைசியாகச் சாப்பிட்டது, எந்த நாளிலிருந்து மாறியது என்று மருத்துவர் துருவிக் கேட்பது அதனால்தான்.

கடிபட்டவரோ பத்து நாள் காத்திருக்கக் கூடாது. மனிதருக்கு அறிகுறி தோன்றிவிட்டால் பிழைப்பது மிக அரிது. காயத்தைச் சவர்க்காரமிட்டு ஓடும் நீரில் 15 நிமிடம் கழுவி, அன்றே மருத்துவமனைக்குச் செல்ல வேண்டும். ஊசியைத் தொடர்வதா நிறுத்துவதா என்பதை மருத்துவர் முடிவு செய்வார். வளர்ப்பு நாயானால் தனியே கட்டிவைக்கலாம். தெருநாயைப் பிடிக்கப் போகாமல் கால்நடைச் சேவை இலாகாவுக்குத் தகவல் கொடுங்கள்.