பாதி வழியில் திரும்பிய மாற்கு



ஏப்ரல் 25ஆம் நாள் நற்செய்தியாளரான புனித மாற்குவின் விழாவைத் திருஅவை கொண்டாடுகிறது. இந்த விழா வரும் காலத்தைக் கவனித்திருக்கிறீர்களா? பத்தாம் வகுப்பும் பன்னிரண்டாம் வகுப்பும் படிக்கும் பிள்ளைகள் தேர்வை எழுதி முடித்துவிட்டு, முடிவுக்காக நெஞ்சம் படபடக்கக் காத்திருக்கும் காலம் அது. "மார்க்கு எவ்வளவு வரும்?" என்று உறவினரும் அக்கம்பக்கத்தாரும் கேட்கத் தொடங்கிவிடுவார்கள். அந்தக் கேள்விக்குப் பயந்தே கோயிலுக்குப் போகும் வழியை மாற்றிக்கொள்ளும் பிள்ளைகளும் உண்டு. அவர்களுக்காகவே புனித மாற்குவின் வாழ்வை இன்று சிந்திப்போம். ஏனெனில், எடுத்த காரியத்தைப் பாதியில் விட்டவர் என்று பெயர் வாங்கியவர் அவர்.

யோவான் மாற்கு எருசலேமைச் சேர்ந்தவர். அவருடைய தாய் மரியாவின் வீட்டில்தான் தொடக்கத் திருஅவையின் மக்கள் கூடி இறைவேண்டல் செய்தார்கள். சிறையிலிருந்து வானதூதரால் விடுவிக்கப்பட்ட பேதுரு நள்ளிரவில் நேராக வந்து தட்டியது அந்த வீட்டுக் கதவைத்தான் (திப 12:12-13). பக்தியுள்ள குடும்பம், நல்ல வளர்ப்பு, பெரியவர்களின் நட்பு எல்லாம் மாற்குவுக்கு இருந்தன. பவுலும் பர்னபாவும் முதல் நற்செய்திப் பயணத்துக்குப் புறப்பட்டபோது, அவர்களுக்கு உதவியாளராக மாற்குவும் சென்றார். சைப்பிரசுத் தீவில் அவர்களோடு பணி செய்தார்.

தீவைக் கடந்து, கப்பலேறி, பம்பிலியா நாட்டிலுள்ள பெருகை நகருக்கு வந்ததும் நிலைமை மாறியது. அங்கே மாற்கு அவர்களை விட்டுப் பிரிந்து எருசலேமுக்குத் திரும்பிவிட்டார் (திப 13:13). ஏன் திரும்பினார்? முன்னால் இருந்த மலைப்பாதையைக் கண்டு அஞ்சினாரா? உடல் நலமில்லையா? தாயின் நினைவு வந்துவிட்டதா? புனித லூக்கா ஒரு காரணமும் எழுதவில்லை. நடந்ததை மட்டும் ஒரே வரியில் எழுதிவிட்டு மேலே செல்கிறார். கோழை என்றோ சோம்பேறி என்றோ அவருக்குப் பட்டம் சூட்டவில்லை.

ஆனால் உடன் உழைத்தவர்கள் அதை எளிதில் மறக்கவில்லை. அடுத்த பயணத்துக்குத் திட்டமிட்டபோது, மாற்குவையும் கூட்டிச் செல்வோம் என்றார் பர்னபா. பவுல் மறுத்துவிட்டார். பாதியில் விட்டுப் போனவரை மீண்டும் நம்ப முடியாது என்பது அவருடைய எண்ணம். பவுலை நாம் குறை சொல்ல வேண்டியதில்லை. கல்லெறிபட்டு, ஊர் ஊராய்த் துரத்தப்பட்டவர் அவர். அந்தப் பணியின் கடினம் அவருக்குத் தெரியும். இருவருக்கும் இடையே கடுமையான கருத்து வேறுபாடு எழுந்தது. பவுல் சீலாவை அழைத்துக்கொண்டு ஒரு திசையில் போனார். பர்னபா மாற்குவை அழைத்துக்கொண்டு வேறு திசையில் கப்பலேறினார் (திப 15:36-41).

இந்தப் பர்னபா யார்? அவருடைய இயற்பெயர் யோசேப்பு. ஊக்கமூட்டுகிறவர் என்னும் பொருளில் திருத்தூதர்களே அவருக்குப் பர்னபா என்று பெயரிட்டார்கள். ஒரு காலத்தில் பவுலையே யாரும் நம்பவில்லை. திருஅவையைத் துன்புறுத்தியவர் மனம் மாறியிருப்பார் என்று எருசலேமில் எவரும் ஏற்கவில்லை. எல்லாரும் அவரைக் கண்டு அஞ்சினார்கள். அப்போது பவுலைத் திருத்தூதர்களிடம் அழைத்துச் சென்று, அவருக்காகப் பேசியவர் இதே பர்னபாதான் (திப 9:26-27). பவுலுக்குக் கிடைத்த வாய்ப்பு மாற்குவுக்கும் கிடைக்க வேண்டும் என்று அவர் நினைத்தார்.

பர்னபா மாற்குவை எங்கே கூட்டிச் சென்றார் என்பதையும் பாருங்கள். சைப்பிரசுக்கு! அது பர்னபாவின் சொந்த ஊர். அதோடு, முதல் பயணத்தில் மாற்கு தளராமல் பணி செய்த இடமும் அதுதான். அவர் தளர்ந்தது அதற்குப் பிறகு, பெருகையில். "உன்னால் முடியும்" என்று வாயால் சொல்லிவிட்டு, பர்னபா அவரை உடனே மலைமேல் ஏறச் சொல்லவில்லை. ஏற்கெனவே செய்து காட்டிய வேலையிலிருந்து மறுபடியும் தொடங்க வைத்தார். தானும் கூடவே போனார். உண்மையான ஊக்கம் இப்படித்தான் இருக்கும்.

ஆண்டுகள் பல கடந்தன. சிறையிலிருந்து எழுதப்பட்ட கொலோசையர் திருமுகத்தில், பவுலோடு இருப்பவர்களுள் ஒருவராக மாற்குவின் பெயரும் வருகிறது. அவர் வந்தால் வரவேற்கும்படி சொல்லப்படுகிறது (கொலோ 4:10). திமொத்தேயுவுக்கு எழுதிய இரண்டாம் திருமுகத்தில், மாற்குவைக் கூட்டி வரும்படி கேட்கிறார் பவுல். தமது பணிக்கு அவர் பயன்படுவார் என்கிறார் (2 திமொ 4:11). வேண்டாம் என்றவரே வேண்டும் என்று கேட்கிறார்! புனித பேதுருவோ அவரைத் தம் மகன் என்றே அழைக்கிறார் (1 பேது 5:13). பேதுருவின் போதனையைக் கேட்டு மாற்கு நற்செய்தியை எழுதினார் என்பது 2ஆம் நூற்றாண்டிலிருந்தே வரும் மரபு. 16 அதிகாரங்கள் கொண்ட அந்த நூல்தான் நான்கு நற்செய்திகளுள் மிகச் சிறியது. முதலில் எழுதப்பட்டதும் அதுவே என்பது அறிஞர் பெரும்பாலோரின் கருத்து.

அந்த நற்செய்தியில் ஒரு சிறு செய்தி இருக்கிறது. உயிர்ப்பு நாள் காலையில், கல்லறையில் இருந்த வெண்ணாடை அணிந்த இளைஞர், இயேசு முன்னே கலிலேயாவுக்குப் போகிறார் என்று சீடர்களிடமும் பேதுருவிடமும் சொல்லும்படி பெண்களிடம் கூறுகிறார் (மாற் 16:7). பேதுருவின் பெயரை அந்த இடத்தில் தனியாகக் குறிப்பிடுகிறவர் மாற்கு ஒருவரே. மும்முறை மறுதலித்த பேதுரு, தன்னையும் சேர்த்துத்தான் அழைக்கிறாரா என்று தயங்கியிருப்பார் அல்லவா? அந்தத் தயக்கம் என்னவென்று, பாதி வழியில் திரும்பிய மாற்குவுக்கு நன்றாகவே புரிந்திருக்கும்.

அன்புத் தம்பி, தங்கையரே, தன்னம்பிக்கை என்றால் நான் தோற்கவே மாட்டேன் என்று மார்தட்டுவது அன்று. தோற்ற பிறகும் ஆண்டவருக்கு நான் தேவைப்படுகிறேன் என்று நம்பி எழுந்து நிற்பதே கிறிஸ்தவரின் தன்னம்பிக்கை. அதற்கு மூன்று வழிகளைச் சொல்கிறேன்.

முதலாவது, தேர்வில் தோற்றேன் என்று சொல்லுங்கள். நான் எதற்கும் உதவாதவன், உதவாதவள் என்று சொல்லாதீர்கள். முதலாவது ஒரு நாள் நடந்த செய்தி. இரண்டாவது உங்கள்மேல் நீங்களே ஒட்டிக்கொள்ளும் பட்டம். பொதுத்தேர்வில் தவறியவர்களுக்கு அதே ஆண்டிலேயே துணைத்தேர்வு உண்டு என்பதை மறக்க வேண்டாம்.

இரண்டாவது, உங்களுக்கு ஒரு பர்னபாவைத் தேடிக்கொள்ளுங்கள். தாத்தா பாட்டியோ, ஆசிரியரோ, மறைக்கல்வி சொல்லிக்கொடுக்கும் அக்காவோ, பங்குத்தந்தையோ, அருள்சகோதரியோ யாராகவும் இருக்கலாம். வாழ்ந்து என்ன பயன் என்ற எண்ணம் வந்தால் ஒரு நொடியும் தனியே இராதீர்கள். அருகில் இருப்பவரிடம் உடனே சொல்லுங்கள். 14416 என்ற அரசு மனநல உதவி எண்ணை எந்த நேரத்திலும் கட்டணமின்றி அழைக்கலாம். உதவி கேட்பது விசுவாசக் குறைவு அன்று.

மூன்றாவது, உங்கள் சைப்பிரசிலிருந்து தொடங்குங்கள். கணக்கு முழுவதும் மலையாய்த் தெரிந்தால், தெரிந்த ஒரு பாடத்திலிருந்து தொடங்குங்கள். நாள்தோறும் சிறிது சிறிதாகச் செய்து முடிக்கும் வேலைதான் நம்பிக்கையை வளர்க்கும்.

பெற்றோரே, உங்களுக்கும் ஒரு சொல். மதிப்பெண் வரும் நாளில் உங்கள் முகத்தைத்தான் பிள்ளை முதலில் பார்க்கும். பக்கத்து வீட்டுப் பிள்ளையோடு ஒப்பிட்டு அன்று ஒரு வார்த்தையும் பேசாதீர்கள். முதலில் பக்கத்தில் உட்கார வைத்துச் சாப்பாடு போடுங்கள். அடுத்து என்ன செய்யலாம் என்பதை மறுநாள் சேர்ந்து பேசலாம். பவுலின் கண்டிப்பும் குடும்பத்துக்குத் தேவைதான். ஆனால் பர்னபா இல்லாத வீட்டில் மாற்கு திரும்பி எழுவது கடினம்.

இறைவேண்டல் செய்வோம். அன்புத் தந்தையே, பாதி வழியில் திரும்பிய மாற்குவை உம் நற்செய்தியை எழுதும் கருவியாக்கினீர். தளர்ந்து நிற்கும் எம் பிள்ளைகளைக் கண்ணோக்கியருளும். அவர்களோடு கூட நடக்கும் நல்ல மனிதரை அவர்களுக்குத் தாரும். அப்படிப்பட்ட மனிதராக எங்களையும் மாற்றியருளும். எங்கள் ஆண்டவராகிய கிறிஸ்து வழியாக உம்மை மன்றாடுகிறோம். ஆமென்.