பழைய ஆபீஸ் மென்பொருளில் பேரேடு பத்திரமா?

வணிகர்களாகிய நாம் கடை அடைத்தால் பூட்டை இருமுறை இழுத்துப் பார்க்கிறோம். பேரேடு இருக்கும் கம்ப்யூட்டரை மட்டும் "ஓடுகிற வரை ஓடட்டும்" என்று விட்டுவிடுகிறோம்.

எம்.எஸ். ஆபீஸில் கணிதச் சமன்பாடு எழுத ஒரு சிறு உறுப்பு இருந்தது. பலசரக்குக் கடைக்கு அது தேவையில்லை. ஆனாலும் ஆபீஸோடு சேர்ந்தே வந்தது. 2000-இல் உருவான அந்த உறுப்பில் இருந்த ஓட்டை 2017-இல்தான் வெளிப்பட்டது. விலைப்பட்டியல் போல் வரும் கோப்பைத் திறந்தாலே திருடன் உள்ளே வரலாம். 2018 ஜனவரியில் மைக்ரோசாப்ட் அந்த உறுப்பையே நீக்கியது. 2014-லேயே ஆதரவு நின்ற ஆபீஸ் 2003-க்கு அந்தத் திருத்தம் வரவில்லை.

இன்னொரு தொல்லையும் உண்டு. எக்செல் 2003-இல் ஒரு தாளுக்கு 65,536 வரிசைகள்தான். 2007 முதல் 10,48,576. நீண்ட பில் கணக்கைப் பழைய வகைக் கோப்பாக மாற்றினால் மீதி அறுந்துபோகும். வரிக் கணக்கில் யார் பதில் சொல்வது?

ஆபீஸ் 2016, 2019 ஆகியவற்றுக்கும் 14-10-2025 அன்று ஆதரவு முடிந்தது. ஆகவே, நம் கடையில் இருப்பது எந்த ஆண்டுடையது என்று இன்றே பார்ப்போம். புதியது வாங்க வசதியில்லை என்றால், இலவசமான லிப்ரே ஆபீஸ் இருக்கிறது. வாரம் ஒருமுறை கணக்கை பென்டிரைவில் நகலெடுத்து, கழற்றி, பெட்டியில் வைப்போம். சரக்குப் போனால் வாங்கலாம். பாக்கிக் கணக்குப் போனால் யாரிடம் கேட்பது?