மீஞ்சூர்: நிலத்தடியில் ஏறிவந்த கடல்

கும்மிடிப்பூண்டி மின்சார ரயிலில் நந்தியம்பாக்கத்துக்கு அடுத்த நிறுத்தம் மீஞ்சூர். ஏகாம்பரநாதரும் வரதராஜப் பெருமாளும் ஒரே ஊரில் குடியிருப்பதால் 'வடகாஞ்சி' என்ற பெயரும் உண்டு. இன்று ஊர்ப்பேரைச் சொன்னால் அனல்மின் நிலையமும், துறைமுகமும், வண்டலூரில் கிளம்பி 62 கிலோமீட்டர் ஓடி இங்கே முடியும் வெளிவட்டச் சாலையும்தான் நினைவுக்கு வருகின்றன. ஆனால் மீஞ்சூரிலிருந்து முதலில் வெளியே போன பெரிய சரக்கு தண்ணீர்.

ஆரணியாறும் கொசஸ்தலையாறும் காலங்காலமாகக் கொட்டிய மணலும் வண்டலுமே இந்தப் பக்கத்து நிலம். மழைத் தண்ணீரைக் குடித்து உள்ளே வைத்துக்கொள்ளும் மண். 1960களின் பிற்பகுதியில் ஐ.நா. வளர்ச்சித் திட்டத்தின் துணையோடு நடந்த ஆய்வு மீஞ்சூர், பஞ்செட்டி, தாமரைப்பாக்கம் ஆகிய இடங்களில் நிறைய நிலத்தடி நீர் இருப்பதைக் காட்டியது. அதே காலத்தில்தான் மணலியில் எண்ணெய் சுத்திகரிப்பு ஆலையும் உர ஆலையும் எழுந்தன. ஆழ்துளைக் கிணறுகள் போட்டு, குழாய் பதித்து, தண்ணீரை மணலிக்கும் சென்னைக்கும் அனுப்பினார்கள்.

கடலோரத்தில் ஒரு கணக்கு இருக்கிறது. நல்ல தண்ணீர் எடை குறைந்தது. கனமான உப்புத் தண்ணீரின் மேல் மிதக்கும். கடல்மட்டத்துக்கு மேலே ஒரு மீட்டர் நன்னீர் நின்றால், அதற்குக் கீழே ஏறக்குறைய 40 மீட்டர் ஆழத்துக்குக் கடல் நெருங்காது. மேலே இறைக்க இறைக்க அந்தத் தடுப்பு கரையும். வயலுக்கு மோட்டார் போட்டவர்களும் இறைத்தார்கள்தான். ஆனால் ராப்பகலாக நகரத்துக்கும் ஆலைக்கும் ஓடிய பம்புகளோடு அதை ஒரே தட்டில் வைக்க முடியாது. 1969இல் கரையிலிருந்து சுமார் 3 கிலோமீட்டர் தூரத்தில் இருந்த உவர்நீரின் எல்லை, 1980களின் இறுதிக்குள் 9 கிலோமீட்டரைத் தொட்டது. நிலத்தடி நீரை ஒழுங்குபடுத்தும் சட்டம் 1987இல் வந்தது. அதற்குள் கிணறுகள் கரிக்கத் தொடங்கிவிட்டன.

2010இல் கதை தலைகீழானது. காட்டுப்பள்ளிக் கடற்கரையில், நாளொன்றுக்கு 10 கோடி லிட்டர் குடிநீர் தரும் ஆலை திறக்கப்பட்டது. சென்னைக்கு முதல் பெரிய கடல்நீர் சுத்திகரிப்பு நிலையம். பெயர் மட்டும் மீஞ்சூருடையது. உறிஞ்சும் கடல்நீரில் பாதிக்கும் குறைவே குடிநீராகும். மிச்சம் கூடுதல் உப்போடு கடலுக்கே திரும்பும். ஆயிரம் லிட்டருக்கு 3 முதல் 4 யூனிட் மின்சாரம் வேண்டும். மழை சும்மா கொடுத்ததை இறைத்துத் தீர்த்துவிட்டு, கடலிடம் காசு கொடுத்து வாங்குகிறோம்.

மணலி ஆலைகளுக்காக 2019இல் கொடுங்கையூரில் இன்னொரு நிலையம் வந்தது. நகரத்துக் கழிவுநீரைச் சுத்திகரித்து, நாளொன்றுக்கு நாலரைக் கோடி லிட்டர் தருகிறது. கொதிகலனுக்கும் குளிர்விப்புக்கும் அது போதும். ஆனால் உவர்ந்த மணலைக் கழுவித் தர எந்த ஆலையும் இல்லை. ஆறுகளில் தடுப்பணை கட்டி, மழையை உள்ளே இறக்கி, உப்பைக் கடல் பக்கமாகத் தள்ள வேண்டும். அது ஓரிரு பருவமழையில் முடிகிற வேலையல்ல. இறைப்பதைக் குறைத்தால்தான் அதுவும் நடக்கும்.