வனமும் வனவாசிகளும்

வனவிலங்குகளைக் காப்பதற்கு முதற்படி மனிதரை வனத்தினின்று அப்புறப்படுத்துவதே என்னும் கொள்கை அதிகார வர்க்கத்தாரிடையே நெடுங்காலமாக வேரூன்றியிருக்கிறது. அது நியாயத்திற்கும் அனுபவத்திற்கும் ஒவ்வாதது என்பது நமது அபிப்பிராயம்.

இதற்குத் தொலைதூரத்தில் சாட்சி தேட வேண்டியதில்லை. நமது கம்பம் பள்ளத்தாக்கையடுத்து, கேரள ராஜ்யத்தில் பெரியாறு வனம் இருக்கிறது. 1895-ல் அணை எழும்பியதால் தோன்றிய ஏரியைச் சூழ்ந்த காட்டை 1934-ல் திருவிதாங்கூர் சமஸ்தானம் சரணாலயமாக்கிற்று. 1978-ல் அது புலிகள் காப்பகமாயிற்று. 1982-ல் அதன் நடுப்பகுதி தேசீயப் பூங்காவாயிற்று. பிரகடனங்களுக்குக் குறைவில்லை. ஆயினும் திருட்டு வேட்டையும், காட்டு இலவங்க மரங்களின் பட்டையை உரித்துக் கடத்துவதும் நிற்கவில்லை. காவலரோ சிலர், காட்டின் ஒற்றையடிப் பாதைகளை அறிந்தவர்களோ எதிர்க்கட்சியில் இருந்தனர்.

1996 முதல் 2004 வரை நடைபெற்ற சூழல் மேம்பாட்டுத் திட்டம் இந்நிலையை மாற்றிற்று. பட்டை திருடி ஜீவித்தவர்களையே ஒரு குழுவாக்கி, காண வருவோர்க்கு வழிகாட்டவும் காட்டில் ரோந்து சுற்றவும் அமர்த்தினர். மன்னான், பளியர் முதலிய பழங்குடி மக்களும் தனித்தனிக் குழுக்களாகச் சேர்ந்தனர். அவ்வூர்ப் பெண்கள் 'வசந்த சேனை' என்னும் பெயரால் ஊதியமின்றியே காவல் புரிய முன்வந்தனர்.

குற்றவாளிகளுக்குப் பரிசளிப்பதா என்று சிலர் ஆட்சேபிக்கலாம். தண்டனையால் ஒரு வழக்கு முடியும், பசி முடியாது. வேறு பிழைப்பில்லாதவன் சிறையினின்று மீண்டும் காட்டுக்கே திரும்புவான்.

ஆயினும் இவ்வேற்பாட்டில் ஒரு குறை உண்டு. இக்குழுக்கள் வன இலாகாவின் முயற்சியால் தோன்றியவை. தயவால் கிடைத்தது தயவு மாறினால் பறிபோகும், உரிமை அவ்வாறன்று. 2006-ம் வருஷத்து வன உரிமைச் சட்டம் காட்டையும் விலங்குகளையும் காக்கும் அதிகாரத்தைக் கிராம சபைக்கு அளித்திருக்கிறது. விலங்குகளுக்கென இடம் ஒதுக்குங்காலும், கிராம சபை விஷயத்தை அறிந்து மனமொப்பினாலன்றிக் குடிகளை வேறிடத்தில் அமர்த்தலாகாது என்று விதித்திருக்கிறது. சட்டம் தெளிவாகவே இருக்கிறது. அதை நிறைவேற்றும் மனமே வேண்டும்.

பெரியாற்று வனத்தில் திரளும் நீர் மதுரை, ராமநாதபுரம் வயல்கள் வரை பாய்கிறது. ஆகவே அதன் காவல் நமக்கு அந்நிய விஷயமன்று. நமது முதுமலையிலும் ஆனைமலையிலும் வாழும் குறும்பரும் காடரும் இதே சட்டத்தின் பாதுகாப்புக்கு உரியவர்களே. அவர்களைக் காட்டின் பகைவராகக் கருதும் வழக்கத்தை விடுத்து, அதன் காவலராக அங்கீகரிக்கச் சர்க்கார் தாமதமின்றி முன்வரவேண்டும்.