‘இல்லை’ என்றால் இன்னோர் ஓலை!

மகள் கலியாணம் தட்டிப்போகும் கவலையில் கீழ்வேளூரில் ரயிலேறி, திருவாரூர், மயிலாடுதுறை வழியாக வைத்தீஸ்வரன்கோயில் போகிறவர்கள் உண்டு. சுவாமி தரிசனத்தோடு நாடி ஜோதிடமும் பார்க்கத்தான்!

ஆணுக்கு வலது கட்டைவிரல் ரேகை, பெண்ணுக்கு இடது. ரேகைக்கேற்ற சுவடிக்கட்டு வருகிறது.

“தகப்பனார் காலமாகிவிட்டார், சரிதானா?”

“இல்லை.”

ஓலை தள்ளப்படுகிறது.

“தலைப்பிள்ளையா?”

“இல்லை.”

அதுவும் தள்ளுபடி. தள்ளிய ஒவ்வொன்றும் வாழாத வாழ்க்கை போலும்!

விஞ்ஞானத்திலும் இதன் சாயல் உண்டு. அணு உலகில் நேரக்கூடிய முடிவுகளெல்லாம் தனித்தனிக் கிளைகளாக நேர்கின்றன என்றார் அமெரிக்க பௌதிக விஞ்ஞானி ஹ்யூ எவரெட், 1957-ல். ஆனால் ஒரு கிளையிலிருப்பவர் மற்றதை எட்டிப்பார்க்க முடியாது. நாடியிலோ 13-ஆவதான சாந்தி காண்டத்தின் பரிகாரம் செய்தால் பலனே மாறுமாம்!

அது இருக்கட்டும். தகப்பனார் இருக்கிறார், தலைப்பிள்ளை அல்ல என்று முதலில் சொன்னது யார்? ஓலையா, போனவரா?