72 மணி நேரக் கெடு... 31 ஆண்டுகள் கழித்து ஒரு மன்னிப்பு! - யார் இந்த வனெஸா வில்லியம்ஸ்?

2015 செப்டம்பர் 13. அமெரிக்காவின் அட்லாண்டிக் சிட்டி. 'மிஸ் அமெரிக்கா' இறுதிப் போட்டி டிவியில் நேரலையாக ஓடிக்கொண்டிருக்கிறது. 52 வயதுப் பெண் ஒருவர் மேடையில் பாடி முடிக்கிறார். அன்றைய போட்டிக்குத் தலைமை நடுவரும் அவர்தான். பாட்டு முடிந்ததும் போட்டி அமைப்பின் தலைவர் சாம் ஹாஸ்கெல் மேடைக்கு வருகிறார். அமைப்பின் சார்பில் அவரிடமும் அவருடைய அம்மாவிடமும் மன்னிப்புக் கேட்கிறார். அரங்கமே எழுந்து நின்று கைதட்டுகிறது.

அந்தப் பெண் வனெஸா வில்லியம்ஸ். மன்னிப்பு எதற்கு? அது வந்து சேர 31 ஆண்டுகள் ஏன் ஆனது?

பிறந்தபோதே அச்சடித்த வரி

1963 மார்ச்சில் நியூயார்க்கில் பிறந்தவர் வனெஸா. அப்பா, அம்மா இருவருமே இசை ஆசிரியர்கள். மகள் பிறந்த செய்தியை உறவினர்களுக்குச் சொல்ல அவர்கள் அனுப்பிய அட்டையில், 'இதோ மிஸ் அமெரிக்கா' என்று ஆசையாக ஒரு வரி போட்டிருந்தார்கள். நம் ஊரில் பிள்ளை பிறந்ததுமே 'எங்க வீட்டு கலெக்டர்' என்று கொஞ்சுவோமே, கிட்டத்தட்ட அது மாதிரி!

ஆனால், வனெஸாவுக்கு அழகிப் போட்டி கனவு எதுவும் இருந்ததில்லை. சிரக்யூஸ் பல்கலைக்கழகத்தில் அவர் எடுத்த பாடம் இசை நாடகம். பிராட்வே மேடையில் பாடி நடிக்க வேண்டும், அவ்வளவுதான் ஆசை. மிஸ் அமெரிக்காவில் ஜெயித்தால் கல்வி உதவித்தொகை கிடைக்கும். பாட ஒரு பெரிய மேடையும் கிடைக்கும். அதனால் போட்டியில் இறங்கினார். மிஸ் சிரக்யூஸ், அடுத்து மிஸ் நியூயார்க், 1983 செப்டம்பர் 17 அன்று மிஸ் அமெரிக்கா. எல்லாமே ஒரே வருடத்தில்! அப்போது அவருக்கு வயது 20.

அந்தக் கிரீடம் ஏன் பெரிய விஷயம்?

மிஸ் அமெரிக்கா போட்டி 1921-ல் தொடங்கியது. 1930-களிலும் 40-களிலும் அதன் விதிப் புத்தகத்தில் ஏழாவதாக ஒரு விதி இருந்தது: போட்டியாளர் வெள்ளை இனத்தவராக இருக்க வேண்டும். பிறகு அந்த விதி போய்விட்டது. ஆனாலும், இறுதிப் போட்டி மேடையில் ஒரு கறுப்பினப் பெண் கால் வைக்க 1970 வரை ஆனது. அயோவா மாநிலத்தின் செரில் பிரவுன்தான் அந்த முதல் பெண். அதற்கும் 13 ஆண்டுகள் கழித்து, பட்டத்தையே வென்ற முதல் கறுப்பினப் பெண் வனெஸா.

பாராட்டு ஒரு பக்கம் குவிந்தது. இன்னொரு பக்கம் இனவெறிக் கடிதங்களும் கொலை மிரட்டல்களும் வந்தன. 'இவர் நிறம் வெளுப்பு, கண்கள் வேறு நிறம். இவர் எப்படி எங்கள் பிரதிநிதி?' என்று கறுப்பின மக்களிடையேயும் சிலர் முணுமுணுத்தார்கள். ஒரு தரப்புக்கு அவர் கறுப்பு. இன்னொரு தரப்புக்குக் கறுப்பு போதவில்லை. இரண்டுக்கும் நடுவில் நின்றுகொண்டு ஊர் ஊராகப் போய்ச் சிரித்த முகத்துடன் கை அசைத்தார் அந்த 20 வயதுப் பெண்.

அந்தப் போட்டோக்கள்

பட்டக்காலம் முடிய இரண்டு மாதம்கூட இல்லை. 1984 ஜூலையில் குண்டு வெடித்தது. வனெஸாவின் நிர்வாணப் படங்களை வெளியிடப் போவதாக 'பென்ட்ஹவுஸ்' பத்திரிகை அறிவித்தது.

படங்கள் எடுக்கப்பட்டது 1982 கோடையில். அப்போது வனெஸாவுக்கு 19 வயது. விடுமுறையில் ஒரு புகைப்படக்காரரிடம் உதவியாளராக வேலை பார்த்தார். நிழலுருவம் மட்டும்தான் தெரியும், யார் என்று அடையாளமே தெரியாது என்று சொன்னதை நம்பி நின்றதாகவும், வெளியிட அனுமதி தரவே இல்லை என்றும் வனெஸா சொன்னார்.

கவனிக்க வேண்டிய விஷயம் ஒன்று உண்டு. அந்தப் படங்கள் முதலில் போனது 'பிளேபாய்' பத்திரிகைக்கு. நிர்வாணப் படங்களை வைத்தே வியாபாரம் செய்த ஹியூ ஹெஃப்னர்கூட, அந்தப் பெண்ணின் சம்மதம் இல்லை என்று சொல்லி அவற்றை வாங்க மறுத்துவிட்டார். பென்ட்ஹவுஸ் வாங்கியது. அந்த இதழ் பல லட்சம் பிரதிகள் விற்றுத் தீர்ந்தது.

மிஸ் அமெரிக்கா அமைப்பு என்ன செய்தது? ராஜினாமா செய்ய வனெஸாவுக்கு 72 மணி நேரம் கெடு கொடுத்தது. சம்மதம் இல்லாமல் படத்தை விற்றவர் யார், அதில் காசு பார்த்தவர் யார் என்ற கேள்விகள் எல்லாம் பின்னால் போய்விட்டன. ஜூலை 23 அன்று செய்தியாளர்கள் முன்னிலையில் வனெஸா பட்டத்தைத் துறந்தார். உதவித்தொகையும் கிரீடமும் அவரிடமே இருந்தன. மீதி ஏழு வாரங்களுக்கு இரண்டாம் இடம் பிடித்த சூசெட் சார்ல்ஸ் மிஸ் அமெரிக்கா ஆனார். அவரும் கறுப்பினப் பெண்தான்.

பென்ட்ஹவுஸ் மீது வனெஸா தொடுத்த 50 கோடி டாலர் வழக்கைப் பிறகு அவரே கைவிட்டார். விளம்பர ஒப்பந்தங்கள் கைநழுவின. இரவு நேர டிவி நிகழ்ச்சிகளில் அவர் பெயரே ஒரு ஜோக் ஆனது. 21 வயதில், 'இனி இந்தப் பொண்ணு அவ்வளவுதான்' என்று ஊரே முடிவு கட்டிவிட்டது.

சரி, எப்படி மீண்டார்?

ஒரே நாளில் எதுவும் மாறவில்லை. முதலில் கிடைத்தவை சின்னச் சின்ன டிவி வேடங்கள். 1987-ல் 'தி பிக்-அப் ஆர்டிஸ்ட்' படத்தில் ஒரு சிறு பாத்திரம். மக்கள் தொடர்புத் துறையில் இருந்த ரமோன் ஹெர்வி அவருடைய மேனேஜர் ஆனார். அவரையே வனெஸா திருமணமும் செய்துகொண்டார். எதைச் செய்தால் ஜனங்கள் போட்டோவை மறந்து குரலைக் கேட்பார்கள் என்பதுதான் இருவருக்கும் முன்னால் இருந்த கேள்வி.

பதில், இசை. 1988-ல் 'தி ரைட் ஸ்டஃப்' என்ற முதல் ஆல்பம் வந்தது. சிறந்த புதுமுகக் கலைஞருக்கான கிராமி பரிந்துரையும் கிடைத்தது. ராஜினாமா செய்து நான்கு ஆண்டுகள் கழித்து, அவர் பெயருக்கு முன்னால் 'பாடகி' என்று எழுத ஆரம்பித்தார்கள்.

1992-ல் 'சேவ் தி பெஸ்ட் ஃபார் லாஸ்ட்' பாடல் அமெரிக்காவின் பில்போர்டு பட்டியலில் ஐந்து வாரங்கள் முதலிடத்தில் இருந்தது. 1994-ல் சிறுவயது ஆசையான பிராட்வே. 'கிஸ் ஆஃப் தி ஸ்பைடர் வுமன்' இசை நாடகத்தில், மேடை ஜாம்பவான் சீட்டா ரிவேரா நடித்த பாத்திரத்தை அவருக்குப் பின் ஏற்று நடித்தார். 1995-ல் டிஸ்னியின் 'போகஹான்டஸ்' படத்துக்காக 'கலர்ஸ் ஆஃப் தி விண்ட்' பாடினார். அந்தப் பாடல் ஆஸ்கர் வென்றது. 1996-ல் அர்னால்ட் ஷ்வார்ஸ்நெக்கருடன் 'இரேசர்' படம். 2002-ல் 'இன்டு தி வுட்ஸ்' நாடகத்தில் சூனியக்காரி வேடத்துக்கு டோனி விருதுப் பரிந்துரை.

இன்றைய தலைமுறை அவரை அதிகம் பார்த்தது 'அக்லி பெட்டி' தொடரில். ஃபேஷன் பத்திரிகை அலுவலகத்தை ஆட்டிவைக்கும் வில்ஹெல்மினா ஸ்லேட்டர் அவர்தான். அந்த வேடத்துக்கு மூன்று முறை எம்மி பரிந்துரை. 2008-ல், பட்டம் வென்றதால் பாதியில் நின்ற கல்லூரிப் படிப்புக்கும் சிரக்யூஸ் பல்கலைக்கழகம் டிகிரி வழங்கியது. அதுவரை மேடையிலும் திரையிலும் சேர்த்த அனுபவமே மீதிப் பாடங்களுக்கான மதிப்பெண்ணாகக் கணக்கில் வந்தது!

மன்னிப்புக்குப் பிறகும் ஒரு திருப்பம்

2015-ல் வனெஸாவிடம் மன்னிப்புக் கேட்ட சாம் ஹாஸ்கெல், 2017 டிசம்பரில் பதவி விலகினார். முன்னாள் மிஸ் அமெரிக்காக்களைப் பற்றித் தரக்குறைவாகப் பேசிய அவருடைய இமெயில்கள் வெளியானதுதான் காரணம். அடுத்த ஆண்டே, முன்னாள் அழகிகள் கைக்கு வந்த நிர்வாகம், போட்டியிலிருந்து நீச்சலுடைச் சுற்றையே எடுத்துவிட்டது.

1984-ல் நடந்ததை இன்று ஒரே வார்த்தையில் சொல்லிவிடலாம்: 'லீக்'. படம் எடுக்கச் சம்மதிப்பது வேறு, அதைப் பரப்பச் சம்மதிப்பது வேறு என்று இப்போது பலருக்கும் புரிகிறது. ஆனால், சம்மதம் இல்லாமல் ஒருவரின் அந்தரங்கப் படங்களைப் பரப்புவதை அமெரிக்கா நாடு முழுமைக்கும் குற்றமாக்கியது 2025 மே மாதத்தில்தான். புகார் வந்தால் அத்தகைய படங்களை இணையத் தளங்கள் நீக்க வேண்டும் என்றும் அந்தச் சட்டம் சொல்கிறது. அதற்கான அவகாசம் 48 மணி நேரம். வனெஸாவுக்குக் கொடுத்த கெடுவைவிட ஒரு நாள் குறைவு. ஆனால், இந்த முறை கெடு இணையத் தளங்களுக்கு!

வனெஸா இன்னும் மேடையை விடவில்லை. 2024-ல், 61 வயதில், 'தி டெவில் வேர்ஸ் பிராடா' இசை நாடகத்தின் மிராண்டா பிரீஸ்ட்லியாக லண்டனில் ஏறினார். அலுவலகமே பார்த்து நடுங்கும் பாஸ் வேடம். 21 வயதில் 'அவ்வளவுதான்' என்று சொல்லப்பட்டவர், அதற்குப் பின் நாற்பது வருடமாகப் பாடி, நடித்துக்கொண்டே இருக்கிறார்.