வி.ஆர். ஹெட்செட்டில் ‘ஓசி’ கேம் ஏற்றலாமா? சைடுலோடிங் என்றால் என்ன, சிக்கல் எங்கே இருக்கிறது?

துபாயிலோ சிங்கப்பூரிலோ வேலை பார்க்கும் சித்தப்பா லீவுக்கு ஊருக்கு வருகிறார். பெட்டியில் சாக்லேட், சென்ட் பாட்டிலோடு ஒரு வி.ஆர். ஹெட்செட்டும் இருக்கிறது. தலையில் மாட்டிக்கொண்டால் கேமுக்குள்ளேயே போய் நிற்பது போலத் தெரியும் கருவி. ராசிபுரம், ஆத்தூர், திருச்செங்கோடு என்று எந்த ஊராக இருந்தாலும், பையனுக்கு முதல் ரெண்டு நாள் தூக்கமே இருக்காது.

மூன்றாம் நாள் பிரச்சினை ஆரம்பிக்கிறது. கூட வரும் இலவச கேம்கள் தீர்ந்துவிடும். எல்லோரும் பேசும் ‘பீட் சேபர்’ கேமின் விலை ஏறத்தாழ 30 டாலர். நம்ம காசுக்கு ரெண்டாயிரத்து ஐந்நூறைத் தாண்டுகிறது. அப்போதுதான் கூடப் படிக்கும் நண்பன் சொல்வான்: “எதுக்குடா காசு கொடுக்குற? லேப்டாப்புல கனெக்ட் பண்ணு, எல்லாத்தையும் ஃப்ரீயா ஏத்திடலாம்.”

அடுத்து அப்பாவிடம் வரும் கோரிக்கை இது: “அப்பா, உங்க போனைக் கொஞ்சம் குடுங்க, ஒரு ஓடிபி வரும். அப்புறம் ஆபீஸ் லேப்டாப்பும் வேணும்.”

கொடுக்கலாமா? கொடுத்தால் என்ன ஆகும்? பார்க்கலாம்.

சைடுலோடிங் என்றால் என்ன?

மெட்டா நிறுவனத்தின் குவெஸ்ட் 2 (2020), குவெஸ்ட் 3 (2023), குவெஸ்ட் 3எஸ் (2024) ஆகிய ஹெட்செட்கள் உள்ளுக்குள் ஆண்ட்ராய்டில்தான் ஓடுகின்றன. நம் போனில் இருக்கும் அதே ஆண்ட்ராய்டு, கொஞ்சம் உருமாற்றி வைத்திருக்கிறார்கள். அதனால் இதில் ஓடும் கேம்களும் ‘ஏபிகே’ ஃபைல்கள்தான். மெட்டாவின் ஸ்டோரில் இருந்து இறக்கினால் அது வாசல் வழி. ஸ்டோரைத் தொடாமல், கம்ப்யூட்டரில் இருந்து யூஎஸ்பி வயர் மூலம் ஏபிகேயை நேராக ஹெட்செட்டுக்குள் தள்ளினால் அது கொல்லைப்புற வழி. இதற்குப் பெயர்தான் சைடுலோடிங்.

இதற்கு முதலில் மெட்டாவில் ‘டெவலப்பர்’ என்று பதிவு செய்து, போன் நம்பரையோ கார்டையோ கொடுத்து சரிபார்க்க வேண்டும். டெவலப்பர் மோடை ஆன் செய்ய 18 வயது ஆகியிருக்க வேண்டும் என்பது மெட்டாவின் விதி. அப்பாவின் போனும் ஓடிபியும் எதற்குத் தேவைப்படுகிறது என்பது இப்போது புரியும். பிறகு வயரை மாட்டினால், ‘இந்தக் கம்ப்யூட்டரை அனுமதிக்கவா?’ என்று ஹெட்செட்டுக்குள் ஒரு கேள்வி வரும். அனுமதித்தால் வேலை முடிந்தது. ஏற்றிய கேம், ‘அன்னோன் சோர்சஸ்’ என்ற தனிப் பட்டியலில் போய் உட்காரும்.

இது தப்பா?

இல்லை. இந்தக் கொல்லைப்புறக் கதவை வைத்ததே மெட்டாதான். பொறியியல் கல்லூரி மாணவர் ஒருவர் யூனிட்டி மென்பொருளில் சொந்தமாக ஒரு வி.ஆர். கேம் செய்கிறார் என்று வைத்துக்கொள்வோம். அது ஓடுகிறதா என்று பார்க்க அவருக்கு இருக்கும் வழி இதுதான். ஸ்டோரில் போடுவதற்கு முன்னால் எந்த கேமும் இந்த வழியாகத்தான் ஹெட்செட்டுக்குள் போகிறது.

சொல்லப்போனால் வி.ஆர். உலகத்தின் சில நல்ல விஷயங்கள் இந்த வழியில்தான் வந்தன. ‘விர்ச்சுவல் டெஸ்க்டாப்’ என்று ஒரு ஆப். கம்ப்யூட்டரில் ஓடும் வி.ஆர். கேமை வயர் இல்லாமலேயே ஹெட்செட்டில் காட்டும் வசதி அதில் இருந்தது. 2019ல் அந்த வசதியை எடுக்கச் சொன்னது அன்றைய ஆக்குலஸ் நிறுவனம் (இன்றைய மெட்டாதான்). அதைச் செய்த கை கோடின் ஸ்டோர் பதிப்பிலிருந்து எடுத்துவிட்டு, அதே வசதியைச் சைடுலோடு செய்யும்படி தனியாகக் கொடுத்தார். மக்கள் விடவில்லை. 2021ல் அந்த வசதி ஸ்டோருக்கே திரும்பி வந்தது.

‘கொரில்லா டேக்’ கதை இன்னும் சுவாரஸ்யம். குரங்கு மாதிரி கைகளால் தாவித் தாவி ஓடிப்பிடித்து விளையாடும் கேம். நம்ம ஊர் ‘தொட்டு விளையாட்டு’தான், வேறொன்றும் இல்லை. 2021 தொடக்கத்தில் ‘சைடுகுவெஸ்ட்’ என்ற தளம் வழியாகத்தான் குவெஸ்ட் ஹெட்செட்களுக்கு இது பரவியது. 2022 டிசம்பரில் மெட்டாவின் முதன்மை ஸ்டோருக்கு வந்தது. 2024ல் மொத்த வருமானம் 10 கோடி டாலரைத் தாண்டியதாக அறிவித்தார்கள்.

பழைய ‘டூம்’, ‘குவேக்’ கேம்களை வி.ஆரில் ஓட வைத்த ‘டீம் பீஃப்’ குழுவையும் இங்கே சொல்ல வேண்டும். ‘டூம் 3’ கேமின் மூல நிரலை அதை உருவாக்கிய நிறுவனமே 2011ல் பொதுவில் வெளியிட்டுவிட்டது. அதை வைத்து வி.ஆர். பதிப்பு செய்தார்கள். ஆனால் படங்கள், ஒலி, கதைக் காட்சிகள் எல்லாம் இன்னும் காசு கொடுத்து வாங்க வேண்டியவை. நாமக்கல் பாஷையில் சொன்னால், லாரியை இலவசமாகத் தருகிறார்கள், லோடு உங்களுடையதாக இருக்க வேண்டும்.

அப்படியென்றால் ‘கிராக்’ கேம்?

நண்பன் சொன்ன ‘எல்லாமே ஃப்ரீ’ என்பது மேலே சொன்ன எதிலும் சேராது. காசு கொடுத்து வாங்க வேண்டிய கேமின் பூட்டை உடைத்துக் கொடுப்பது அது.

பூட்டு என்ன என்று பார்த்தால்தான் ஆபத்து புரியும். ஸ்டோரில் விற்கும் கேம், திறந்த சில நொடிகளிலேயே ‘இந்தக் கணக்குக்காரர் என்னை வாங்கியிருக்கிறாரா?’ என்று மெட்டாவிடம் கேட்டுக்கொள்ளும். இல்லை என்று பதில் வந்தால் மூடிக்கொள்ளும். கிராக் செய்பவர் கேமைப் பிரித்து, இந்தக் கேள்வி கேட்கும் இடத்தை வெட்டிவிட்டு, மறுபடி தைத்து மூடுகிறார்.

இங்கே ஒரு முக்கியமான விஷயம் இருக்கிறது. ஆண்ட்ராய்டில் ஒவ்வொரு ஏபிகேயிலும் அதைச் செய்தவரின் டிஜிட்டல் கையெழுத்து இருக்கும். உள்ளே ஒரு எழுத்தை மாற்றினாலும் அந்தக் கையெழுத்து செல்லாது. அதனால் கிராக் செய்தவர் தன்னுடைய கையெழுத்தைப் போட்டுத்தான் வெளியே விடுகிறார். கிராக் கேமுக்கு ஸ்டோரின் அப்டேட் வராததற்கும், பல நேரம் ஆன்லைனில் மற்றவர்களோடு விளையாட முடியாததற்கும் இப்படிக் கையெழுத்து மாறியது ஒரு காரணம். பிரித்துத் தைத்த அந்த ஆள் யார், வெட்டிய இடத்தில் வேறு எதையாவது வைத்துத் தைத்தாரா? சீல் உடைந்த பொட்டலம் அது, ஓட்டிப் பார்த்து எதையும் கண்டுபிடிக்க முடியாது.

2000களில் வளர்ந்தவர்களுக்கு ‘ஒரே கேசட்டில் 999 கேம்’ ஞாபகம் இருக்கும். டிவியில் போட்டுப் பார்த்தால் பத்துப் பதினைந்து கேம்தான் திரும்பத் திரும்ப வரும். அன்றைக்கு ஏமாந்தது கேசட் காசு மட்டும். அந்த கேசட்டுக்கு நம்ம பேங்க் அக்கவுண்ட் தெரியாது.

ஹெட்செட்டை விட பெரிய கவலை லேப்டாப்

பலரும் கேட்கும் கேள்வி, ‘ஹெட்செட் கெட்டுப்போகுமா?’ என்பது. அது கெட்டால் போவது ஒரு பொம்மை. அதை மாட்டும் கம்ப்யூட்டரில் என்ன இருக்கிறது என்பதைத்தான் முதலில் பார்க்க வேண்டும்.

சேலம், நாமக்கல் பக்கம் வீடும் தொழிலும் ஒரே கூரைக்குக் கீழ் இருக்கும் குடும்பங்கள் நிறைய. லாரி, ரிக் வண்டி, கோழிப்பண்ணை, விசைத்தறி என்று எதுவாக இருந்தாலும், கணக்கு எழுதும் லேப்டாப் ஒன்றுதான். டாலி, ஜிஎஸ்டி லாகின், நெட்பேங்கிங், பாஸ்டேக் எல்லாம் அதில்தான். பிரவுசரில் பாஸ்வேர்டு ‘சேவ்’ ஆகியிருக்கும். கிராக் கேம் ஏற்றும் சாஃப்ட்வேரோ, “முதல்ல ஆண்டிவைரஸை ஆஃப் பண்ணு” என்று சொல்லும். அந்த ஒரு வரி வந்தாலே லேப்டாப்பை மூடிவிடலாம். பிரவுசரில் சேமித்த பாஸ்வேர்டுகளை அள்ளிக்கொண்டு போவதற்கென்றே தனி வகை மால்வேர்கள் இருக்கின்றன. திருட்டு கேம்கள் அவை பரவும் பழைய வழிகளில் ஒன்று.

ஹெட்செட் விலை எட்டாதவர்கள் போனைச் சொருகும் வி.ஆர். பெட்டியை வாங்குகிறார்கள். 2014ல் கூகுள் அட்டைப்பெட்டியில் செய்து காட்டியது, 2023ல் ஜியோடைவ் 1,299 ரூபாய்க்கு வந்தது, எல்லாம் இந்த வகை. இதில்தான் ஆபத்து அதிகம். ஏனென்றால் இங்கே போன்தான் ஹெட்செட். ‘வி.ஆர். கேம்’ என்று வாட்ஸ்அப்பில் வந்த ஏபிகேயை ஏற்றினால், அது உட்காரும் இடம் ஜிபே, போன்பே பக்கத்தில்.

கல்யாணப் பத்திரிகை, போக்குவரத்து அபராதம் என்று ஏபிகே அனுப்பும் மோசடி ஏற்கெனவே நாடு முழுக்க நடக்கிறது. லாரித் தொழில் நடக்கும் ஊரில் ‘உங்கள் வண்டிக்கு இ-சலான்’ என்று மெசேஜ் வந்தால் யார்தான் திறந்து பார்க்க மாட்டார்கள்? அப்படி ஒரு கும்பலைப் பற்றி 2024 ஜூலையில் கிளவுட்செக் என்ற சைபர் பாதுகாப்பு நிறுவனம் அறிக்கை வெளியிட்டது. 4,400க்கும் மேற்பட்ட போன்களில் அந்த மால்வேர் நுழைந்ததாகவும், ஒரே ஆள் 16 லட்சம் ரூபாய்க்கு மேல் மோசடிப் பரிவர்த்தனை செய்ததாகவும் அதில் இருந்தது. மால்வேர் முதலில் கேட்ட அனுமதிகளில் எஸ்எம்எஸ் ஒன்று. ஓடிபி அங்கேதான் வருகிறது.

ஒரு கேமுக்கு உங்கள் எஸ்எம்எஸ்ஸைப் படிக்க வேண்டிய வேலை என்ன? கான்டாக்ட் லிஸ்ட் எதற்கு? ‘அக்சஸிபிலிட்டி’ அனுமதி எதற்கு? இவற்றில் ஒன்றைக் கேட்டாலும் அது கேம் கிடையாது. இப்படி ஆபத்தான அனுமதிகளைக் கேட்கும் வெளி ஆப்களைத் தானாகவே தடுக்கும் வசதியை இந்தியாவில் சோதனை முறையில் கொண்டுவருவதாக 2024 அக்டோபரில் கூகுள் அறிவித்தது. அந்தத் தடையையும் ஆஃப் பண்ணச் சொல்லி வீடியோ போடுகிறார்கள் என்பது வேறு கதை.

சட்டம் என்ன சொல்கிறது?

சொந்த கேமையோ, இலவசமாகக் கொடுக்கப்பட்ட கேமையோ சைடுலோடு செய்தால் சட்டச் சிக்கல் இல்லை. கிராக் கேமுக்கு 1957ஆம் ஆண்டு பதிப்புரிமைச் சட்டம் வருகிறது. திருட்டுப் பிரதி என்று தெரிந்தே ஒரு கணினி நிரலைப் பயன்படுத்தினால், பிரிவு 63பி படி 7 நாள் முதல் 3 ஆண்டு வரை சிறையும், 50 ஆயிரம் முதல் 2 லட்சம் ரூபாய் வரை அபராதமும் உண்டு. லாபத்துக்காகவோ தொழிலுக்காகவோ பயன்படுத்தவில்லை என்றால், தகுந்த காரணம் சொல்லி நீதிமன்றம் சிறையை விட்டுவிட்டு, 50 ஆயிரம் வரை அபராதத்தோடு நிறுத்தலாம். பூட்டை உடைப்பதற்குத் தனியாகப் பிரிவு 65ஏ இருக்கிறது. 2012 திருத்தத்தில் சேர்த்தது, 2 ஆண்டு வரை சிறை.

வீட்டில் விளையாடும் பையனைத் தேடி போலீஸ் வருவது நடைமுறையில் அபூர்வம். ஆனால் பொருட்காட்சியிலும் மாலிலும் ‘ஒரு ஆட்டம் நூறு ரூபாய்’ என்று வி.ஆர். ஸ்டால் போடுபவர்கள் இந்த வித்தியாசத்தைக் கவனிக்க வேண்டும். காசு வாங்கும்போது அது தொழில். மேலே சொன்ன சலுகை அவர்களுக்குக் கிடையாது. வீட்டு உபயோகத்துக்குக் காசு கொடுத்தே வாங்கிய கேமையும் கடையில் ஓட்டப் பெரும்பாலும் தனி உரிமம் வேண்டும். ஸ்டாலுக்கு முதல் போடும் முன் இதைக் கணக்கில் சேர்ப்பது நல்லது.

ஏற்கெனவே ஏற்றிவிட்டோம், இப்போது?

லேப்டாப்பில் ஏற்றியிருந்தால் முதலில் நெட்டை ஆஃப் செய்யுங்கள். பிறகு வேறொரு சுத்தமான போனில் இருந்து நெட்பேங்கிங், மெயில் பாஸ்வேர்டுகளை மாற்றுங்கள். அதே லேப்டாப்பில் மாற்றினால் புதிய பாஸ்வேர்டும் போய்விடும். ஹெட்செட்டில் அன்னோன் சோர்சஸ் பட்டியலைத் திறந்து தெரியாததை எல்லாம் நீக்கலாம். டெவலப்பர் மோடையும் ஆஃப் செய்துவிடலாம். பணம் போயிருந்தால் தாமதிக்காமல் 1930 என்ற எண்ணுக்கு அழைக்க வேண்டும். எவ்வளவு சீக்கிரம் சொல்கிறோமோ, அந்த அளவுக்குப் பணத்தை வழியில் நிறுத்த வாய்ப்பு இருக்கிறது. மத்திய அரசின் சைபர் கிரைம் இணையதளத்திலும் புகார் பதியலாம்.

பையன் உண்மையிலேயே டெவலப்பர் ஆக ஆசைப்பட்டால் தடுக்க வேண்டாம். கணக்கு உங்கள் பெயரில் இருக்கட்டும், லேப்டாப் மட்டும் தொழில் கணக்கு இல்லாத வேறொன்றாக இருக்கட்டும். ‘இந்தக் கம்ப்யூட்டரை எப்போதும் அனுமதி’ என்ற டிக்கைப் போடாமல், ஒவ்வொரு முறையும் கேட்கும்படி விட்டுவிடுங்கள்.

விளையாடத்தான் என்றால், மெட்டா ஸ்டோரில் வாங்கிய கேமை 14 நாட்களுக்குள், 2 மணி நேரத்துக்கும் குறைவாக விளையாடியிருந்தால் திருப்பிக் கொடுத்துப் பணத்தை வாங்கலாம். பலருக்கு இது தெரிவதில்லை. 30 டாலர் கொடுத்துப் பிடிக்கவில்லை என்றால் என்ன செய்வது என்று தயங்கித்தான் பாதிப் பேர் கிராக் பக்கம் போகிறார்கள். காசே செலவழிக்க வேண்டாம் என்றால், அந்தக் குரங்குத் தொட்டு விளையாட்டு குவெஸ்ட் ஸ்டோரில் இலவசமாகவே கிடைக்கிறது. விளையாடும் முன் ஃபேன் சுவிட்சை ஆஃப் செய்துவிட்டு, டீப்பாயை மட்டும் ஓரமாக நகர்த்திவிடச் சொல்லுங்கள்.